பார்பேரியனின் பலம் பத்து பிட்

டயாப்லோ 2 என்ற கணினி விளையாட்டில் பார்பேரியன் என்ற வீரன் 30 பலத்தோடு பிறக்கிறான். லெவல் ஏற ஏற 5 புள்ளிகள் கிடைக்கும். பார்த்துப் பார்த்துப் பங்கு வைக்கவேண்டும். 2000-இல் அது வெளிவந்தபின், ரிச்சி தெருவில் உதிரி பாகம் வாங்கி அசெம்பிள் செய்த கணினிகளில் ராத்திரி முழுக்கக் கண் விழித்தவர்கள் உண்டு. சேமித்த ஆட்டத்தின் எண்களை மாற்றித் தரும் சேவ் எடிட்டர் வைத்திருந்தவர்கள் சீக்கிரமே தூங்கப் போனார்கள்.

வீரனின் முழு ஜாதகமும் டி2எஸ் என்று முடியும் ஒரு சின்ன ஃபைலில் இருக்கிறது. ஃபைலின் பைட்டுகளை அப்படியே காட்டும் ஹெக்ஸ் எடிட்டரில் திறந்து 30-ஐத் தேடினால் போதும் என்று தோன்றும். கிடைக்காது. பிட் என்பது ஒரு 0 அல்லது 1, எட்டு பிட் சேர்ந்தால் ஒரு பைட். பலம், உயிர், தங்கம் எல்லாம் முழு பைட்டுகளாக இல்லாமல் பிட் பிட்டாக அடுக்கப்பட்டிருக்கின்றன. முதல் 9 பிட் 'இது எந்தக் குணம்' என்று சொல்லும், அப்புறம் மதிப்பு. பலத்துக்கு 10 பிட், லெவலுக்கு 7, உயிருக்கு 21. ஷேர் ஆட்டோவில் நெருக்கி உட்காருவதுபோல, ஒரே எண்ணின் ஒரு பகுதி இந்த பைட்டிலும் மிச்சம் அடுத்த பைட்டிலும் கிடக்கும். பத்து பிட்டில் 1023-க்கு மேல் எழுத முடியாது. அதனால் எந்த எடிட்டராலும் அதைத் தாண்டிய அடிப்படை பலத்தைத் தர முடியாது. உயிரில் கடைசி 8 பிட் பின்னத்துக்கு. ஆகவே 55 உயிர், 256-ஆல் பெருக்கப்பட்டு 14080 என்று பதிவாகும்.

சரி, மாற்றியாயிற்று. ஆனாலும் விளையாட்டு ஃபைலை ஏற்காது. காரணம் செக்சம்: ஃபைல் மாறாமல் இருக்கிறதா என்று சரிபார்க்க, அதன் தொடக்கப் பகுதியில் இருக்கும் 4 பைட் எண். கணக்கு இப்படிப் போகும். பூஜ்யத்தில் தொடங்கி, ஒவ்வொரு பைட்டுக்கும் அதுவரை வந்த விடையை இடப்பக்கம் ஒரு பிட் சுழற்றி (இடக்கோடியில் வெளியேறும் பிட் வலக்கோடிக்கு வரும்), அந்த பைட்டைக் கூட்டவேண்டும். செக்சம் உட்காரும் 4 பைட்டை மட்டும் பூஜ்யமாக எண்ணிக்கொள்ள வேண்டும். வெறும் கூட்டல் என்றால் ஓரிடத்தில் 5 கூட்டி இன்னோரிடத்தில் 5 குறைத்து ஏமாற்றிவிடலாம். சுழற்றுவதால் பைட் எந்த இடத்தில் இருக்கிறது என்பதும் விடையில் கலந்துவிடுகிறது.

பலர் இதைப் பூட்டு என்று நினைக்கிறார்கள். பூட்டென்றால் சாவி ரகசியமாக இருக்கவேண்டுமே! எழுதும்போதே கரண்ட் போய்ப் பாதியில் நின்ற ஃபைலைக் கண்டுபிடிக்க இது போதும். வேண்டுமென்றே மாற்றுபவரைத் தடுக்கப் போதாது. எடிட்டர் அதே கணக்கைப் போட்டுப் புது விடையை எழுதிவிடும். 2022-இல் வந்த எல்டன் ரிங் விளையாட்டின் சேவ் ஃபைலில் இதே வேலைக்கு எம்டி5 என்ற கனமான கணக்கு இருக்கிறது. அதற்கும் சாவி கிடையாது.

கையால் மாற்றுபவர்கள் இடறும் இன்னொரு இடம் லெவல். அது தலைப்பகுதியிலும் குணப் பட்டியலிலும் இரண்டு முறை இருக்கிறது, இரண்டும் ஒத்துப்போகவேண்டும்.

தனியாக விளையாடும்போது இதில் தப்பென்ன என்பதே என் கட்சி. பலர் சேர்ந்து ஆடும் இணையச் சேவையான பேட்டில்.நெட்டின் மூடிய பிரிவு வேறு விஷயம். அங்கே வீரன், விளையாட்டைத் தயாரித்த பிளிசார்டின் சர்வரில் வசிக்கிறான். உங்கள் ஹார்ட் டிஸ்க்கில் ஃபைலே இல்லை, எடிட்டருக்கும் வேலை இல்லை.