பணிவரன்முறை என்றால் என்ன?

தற்காலிக ஊழியர்கள் தங்கள் 'பணியை ஒழுங்குபடுத்தக் கோரி' நீதிமன்றம் சென்றதாகப் போன வாரமும் ஒரு செய்தி படித்தேன். பதினைந்து ஆண்டுகளாகக் காலை எட்டு மணிக்கு வந்து அலுவலகத்தைக் கூட்டிப் பெருக்குகிறவரின் பணியில் என்ன ஒழுங்கு குறைந்துவிட்டது? ஒழுங்கு தவறியது அவரை வேலைக்கு வைத்தவர்கள்.

ஒருவரின் பணியை விதிப்படி முறையானதாக்கி ஆணை போடுவது 'ரெகுலரைசேஷன்'. அதற்குத் தமிழ்நாட்டு அரசு அலுவலகங்களில் வழங்கும் சொல் பணிவரன்முறை. ஆங்கிலச் சொல்லின் வேர் இலத்தீன் 'ரெகுலா', அதாவது கோடு போடும் நேர்கோல். நம்முடையது வரல் + முறை. வழிவழியாக வரும் முறை. கல்யாணத்துக்குப் பார்க்கும் வரனுக்கும் இதற்கும் உறவில்லை. அங்கீகாரம் பெறாத மனைப்பிரிவுகளுக்கு 2017-இல் வந்த திட்டத்துக்கும் இதே சொல்தான். மனை இருந்த இடத்திலேயே இருந்தது. அதன் காகிதம் நேரானது. பணியிலும் அப்படியே.

'ஒழுங்குபடுத்துதல்' வேறொரு வேலையில் இருக்கும் சொல். ஒழுங்குமுறை விற்பனைக்கூடம், மின்சார ஒழுங்குமுறை ஆணையம் என்று விதி போட்டுக் கட்டுக்குள் வைப்பதை அது குறிக்கிறது. அதை இங்கே இழுத்து வந்தால், ஊழியர்கள் தங்களைக் கண்காணிக்கச் சொல்லி வழக்குப் போட்டது போல் ஆகிறது. இயந்திர மொழிபெயர்ப்பின் மேல் பழி போட முடியாது. அது வருவதற்கு முன்பே இப்படித்தான் எழுதினார்கள்.

இதே பொருளில் எழுதப்படும் 'பணி நிரந்தரம்' இன்னும் பெரிய தொல்லை. வடசொல் என்பதற்காகச் சொல்லவில்லை. நிர் + அந்தரம், இடைவெளி அற்றது. 89 நாள் வேலை, நடுவே ஒரு நாள் நிறுத்தம், மறுபடி 89 நாள் என்று ஆணை போடும் தந்திரத்துக்கு எதிராக நிற்க இதைவிடப் பொருத்தமான சொல் ஏது? 24 மாதங்களில் 480 நாள் வேலை செய்த தொழிலாளிக்கு நிரந்தரத் தகுதி தரும் 1981-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டத்தில் அது சரியாக உட்கார்ந்திருக்கிறது. ஆனால் அரசுப் பணியில் வரன்முறை வேறு, நிரந்தரம் வேறு. தேர்வு எழுதி முறையாக வந்தவருக்கும் முதலில் பணிவரன்முறை ஆணை வேண்டும். தகுதிகாண் பருவம் ('புரொபேஷன்') முடித்ததற்கு ஆணை தனியாக வரும். '... முற்பகல் முதல் பணிவரன்முறை செய்யப்படுகிறது' என்று எத்தனையோ பணிப்பதிவேடுகளில் என் கையால் எழுதியிருக்கிறேன். வரன்முறை என்பது நிரந்தரத்தைக் குறிக்காது, நடைமுறைக் குறையைச் சரிசெய்வதையே குறிக்கும் என்று உச்ச நீதிமன்றம் 1979-இலேயே, நாகராஜன் வழக்கில் சொல்லிவிட்டது.

2006-இல் உமாதேவி வழக்கில் அதே நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு இன்னொரு கோடு கிழித்தது. நியமனம் சட்டவிரோதமானதா, நடைமுறை தவறியதா? அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், தகுதியோடு, நீதிமன்ற ஆணையின் தயவில்லாமல் பத்தாண்டு உழைத்த இரண்டாம் வகையினரை மட்டும் ஒருமுறை நடவடிக்கையாக வரன்முறை செய்யலாம் என்றது. மொழிபெயர்ப்பாளர்கள் இரண்டையும் சேர்த்து 'முறைகேடான நியமனம்' என்று எழுதிவிட்டார்கள். முறைகேடு என்றால் நம் செய்தித்தாள்களில் லஞ்சம், ஊழல். வேலைவாய்ப்பு அலுவலகத்தைக் கேட்காமல் அதிகாரி செய்த நியமனத்துக்குத் துப்புரவுப் பணியாளர் குற்றவாளி ஆனார். 'முறை தவறிய நியமனம்' என்று எழுதினால் என்ன குறைந்துவிடும்?

எனக்குத் தெரிந்த ஒருவர் 1998 முதல் தினக்கூலி. 'பணி நிரந்தரம்' என்று செய்தி பார்த்து இனிப்போடு வீட்டுக்கு வந்தார். ஆணையை வாங்கிப் பார்த்தேன்: ஆணை வெளியான நாள் முதல் பணிவரன்முறை. அந்த நாளில்தான் பணியில் சேர்ந்தார் என்று கணக்கு. 2003 ஏப்ரல் 1 முதல் சேர்ந்தவர்களுக்குச் சம்பளத்தில் பிடித்துச் சேர்க்கும் பங்களிப்பு ஓய்வூதியம் என்று விதி இருந்ததால், பழைய ஓய்வூதியம் கைவிட்டுப் போயிருந்தது. முன்தேதி கேட்டு மறுபடியும் வழக்குப் போட்டிருக்கிறார்.