பட்டையின் வலு எங்கே போகிறது?

தங்கச்சிமடத்திலிருந்து ஒரு வாசகர் போன வாரம் அழைத்தார். பிக்கப் வைத்து மதுரைக்கு மீன் ஓட்டுகிறவர். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம் என்பதால் விசைப்படகுகளோடு சேர்ந்து அவர் வண்டிக்கும் ஓய்வு. தள்ளிப்போட்ட வேலைகளையெல்லாம் இப்போதுதான் பார்க்க முடியும்.

"அண்ணே, வண்டி பின்னாடி இடது பக்கம் தாழ்ந்து நிக்குது. ஒரு மெக்கானிக், பட்டையில வலு போயிருச்சு, கூட ஒரு பட்டை சொருகினா நிமிந்துரும்ங்கிறார். இன்னொருத்தர் ரெண்டு பக்கமும் முழு செட்டையும் மாத்தணும்ங்கிறார். காசு வித்தியாசம் பெருசு. எது சரி?"

பட்டை என்றால் லீஃப் ஸ்பிரிங். சக்கர அச்சுக்கும் (ஆக்சில்) வண்டிச் சட்டத்துக்கும் (சேஸிஸ்) நடுவில் பாரம் தாங்க அடுக்கிய வளைந்த எஃகுத் தகடுகள். வாசகர் கொஞ்சம் தயங்கிவிட்டு இன்னொன்றும் சொன்னார். இரண்டு வருடத்தில் மூன்று முறை பட்டை ஒடிந்திருக்கிறது. கண் திருஷ்டி என்று வீட்டில் சொல்லி, பூசணிக்காயும் உடைத்தாயிற்று.

இரண்டாவது மெக்கானிக் சொன்னதே சரி. ஆனால் 'வலு போயிருச்சு' என்று முதலாமவர் சொன்னாரே, அதை நாம் எல்லோருமே நம்புகிறோம். அந்த நம்பிக்கையில் ஒரு பிழை இருக்கிறது. அதைப் பிடித்துக்கொண்டு போனால் லீஃப் ஸ்பிரிங் என்ற பொருளின் அழகு முழுவதும் தெரியும்.

ஒரே நீளம், அகலம், தடிமனில் இரண்டு தகடுகள் எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்று ஆணி செய்கிற சாதா இரும்பு, இன்னொன்று உயர்தர ஸ்பிரிங் எஃகு. இரண்டின் ஒரு முனையை இறுக்கிப் பிடித்து, மறுமுனையில் ஒரே எடையைத் தொங்கவிட்டால் எது அதிகம் வளையும்? இரண்டும் ஏறத்தாழ ஒரே அளவுதான் வளையும். விறைப்பு என்பது இரும்பு அணுக்களுக்கு இடையிலுள்ள பிணைப்பின் குணம். பதப்படுத்தினாலும் வயதானாலும் அது மாறுவதில்லை. ஸ்பிரிங் எஃகின் சிறப்பு வேறு. எவ்வளவு தூரம் வரை வளைத்தால் பழைய நிலைக்குத் திரும்பி வருமோ, அந்த எல்லை அதற்கு மிக அதிகம். சாதா இரும்பு பாதி வழியிலேயே வளைந்தபடி நின்றுவிடும்.

ஆக, பத்து வருடம் ஓடிய பட்டையின் எஃகு 'தளர்ந்து' போவதில்லை. அளவுக்கு மீறிய சுமையில் எல்லையைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தாண்டித் தாண்டி, பிறக்கும்போது இருந்த வளைவைத்தான் அது இழக்கிறது. ஒரு டன் ஏற்றினால் முன்பு எத்தனை அங்குலம் இறங்கியதோ அதே அளவுதான் இப்போதும் இறங்கும். ஆனால் இறங்கத் தொடங்கும் இடமே தாழ்ந்துவிட்டது. அதனால் பள்ளத்தில் விழும்போது ஆக்சில் போய் ரப்பர் முட்டில் இடிக்கிறது. வளைவு போவது முதல் நோய். நம் கரையில் இன்னும் இரண்டு நோய்கள் உண்டு. அவற்றைச் சொல்வதற்கு முன் பட்டை ஏன் இப்படி அடுக்கடுக்காக இருக்கிறது என்று பார்த்துவிடலாம். இதை மாணவர்களுக்கு விளக்கிய ஒவ்வொரு முறையும் எனக்குப் புதிதாகவே இருந்திருக்கிறது.

ராமநாதபுரம் பக்கம் பனைக்குப் பஞ்சமில்லை. ஒரு பனைமட்டையைப் பாருங்கள். மரத்தோடு ஒட்டும் இடத்தில் அகன்று பருத்திருக்கும், ஓலையை நோக்கிப் போகப் போக ஒடுங்கும். ஓலையின் பாரமும் அதன்மேல் மோதும் காற்றும் நுனியில் இருக்கின்றன. அந்தப் பாரத்தின் வளைக்கும் விளைவு நுனியிலிருந்து தூரம் கூடக் கூட வளர்ந்து அடியில் உச்சத்தை எட்டுகிறது. பனை தன் நாரை எங்கே தேவையோ அங்கேதான் செலவழிக்கிறது.

பட்டையின் பாதியும் இப்படித்தான். நடுவில் ஆக்சிலோடு யு போல்ட் (U வடிவில் வளைத்த போல்ட்) இறுக்கிப் பிடித்திருக்கிறது. நுனியில் வளையமாகச் சுருட்டியிருக்கும் 'கண்'ணில் வண்டியின் பாரம் இறங்குகிறது. முழு நீளத்துக்கும் ஒரே அகலத்தில் ஒற்றைத் தகடு வைத்தால் நடுப்பகுதி மட்டும் திணறும், நுனிப்பகுதி வேலையில்லாமல் கிடக்கும். அப்படியானால் நுனியில் கூராகவும் நடுவில் அகலமாகவும் ஒரு முக்கோணத் தகடு வைத்தால்? தூரம் இரட்டித்தால் வளைக்கும் விளைவு இரட்டிக்கிறது, அகலமும் இரட்டிக்கிறது. தகட்டின் எந்தப் புள்ளியிலும் எஃகு படும் பாடு ஒரே அளவு. தகடு முழுவதும் ஒரே சீராக, வட்டத்தின் ஒரு துண்டு போல வளையும். ஒரு கிராம் எஃகுகூட வீணில்லை.

ஆனால் வண்டிக்கு அடியில் அதை வைக்க இடம் கிடையாது. 60 மில்லிமீட்டர் அகலமுள்ள ஏழு பட்டைகளின் வேலையை ஒரே முக்கோணம் செய்ய வேண்டுமென்றால், நடுவில் அது 420 மில்லிமீட்டர் அகலம் இருக்க வேண்டும். டயர் எங்கே போகும்?

இங்கேதான் அந்த அருமையான யோசனை. இரண்டு முக்கோணங்களை அடியோடு அடி சேர்த்துவைத்தால் ஒரு சாய்சதுரம் கிடைக்கும். அதைக் கத்தரித்துக் கீற்றுகளாக்குங்கள். நடுக்கீற்று மிக நீளமானது. அதற்கு இருபுறமும் உள்ளவை வரிசையாகக் குட்டையாகிக்கொண்டே போகும். இடது ஓரக் கீற்றையும் வலது ஓரக் கீற்றையும் சேர்த்தால் ஒரு முழு அகலப் பட்டை. அவற்றை ஒன்றன்கீழ் ஒன்றாக அடுக்குங்கள். மேலே நீளம், கீழே குட்டை, படிக்கட்டு போல ஒரு கட்டு. லாரியின் அடியில் நாம் தினமும் பார்க்கிற அதே உருவம்! ஒரு பெரிய முக்கோணத்தை நறுக்கி மடித்து ஒளித்துவைத்ததுதான் பட்டைச் செட்டு. கண் வைக்க வேண்டியிருப்பதால் மேலே உள்ள ஒன்றிரண்டு பட்டைகள் முழு நீளம் போகும். மற்றபடி கணக்கு அதேதான்.

இதில் ஒரு நிபந்தனை உண்டு. பட்டைகள் ஒன்றன்மேல் ஒன்று வழுக்க வேண்டும். 200 பக்க நோட்டுப் புத்தகத்தை வளைத்துப் பாருங்கள், ஓரத்தில் தாள்கள் நழுவிச் சரிவாகும். அந்தத் தாள்களையெல்லாம் பசை போட்டு ஒட்டிவிட்டால் அது பலகையாகிவிடும். தகட்டின் விறைப்பு தடிமனின் மும்மடிக்கு ஏற்ப மாறுவதுதான் காரணம். தனித்தனியாக வழுக்கும் ஏழு பட்டைகளின் விறைப்பு ஒரு பட்டையைப் போல 7 மடங்கு. அதே ஏழும் ஒட்டி ஒரே கட்டியானால் 7-இன் மும்மடி (7 × 7 × 7), அதாவது 343 மடங்கு. நெகிழ்வு என்பதே பட்டைகளுக்கு நடுவில் இருக்கிற அந்த வழுக்கலில்தான் வாழ்கிறது.

சரி, இப்போது உப்புக்கு வருவோம். மீன் பெட்டியில் ஐஸ் உருகி, கடல் உப்போடு கலந்து, தொட்டியின் இடுக்கு வழியாகச் சொட்டுகிறது. எங்கே? பெரும்பாலும் பின்பக்கப் பட்டையின்மேல். இரண்டு பட்டைகளுக்கு நடுவிலுள்ள மெல்லிய இடுக்கு அதைத் திரி எண்ணெயை உறிஞ்சுவதுபோல் உள்ளே இழுத்துக்கொள்ளும். வெயிலில் காய்ந்துவிடும் என்று நினைக்கிறோம். காயாது. கடல் உப்பில் மக்னீசியம் குளோரைடும் இருக்கிறது. காற்றில் ஈரப்பதம் சுமார் 33 சதவீதத்தைத் தாண்டினாலே அது ஈரத்தை இழுத்துத் தானே கரையத் தொடங்கிவிடும். பாம்பன் காற்றில் ஈரம் அதற்குக் கீழே இறங்குவது அபூர்வம். ஆக, மழையே இல்லாத மே மாதத்திலும் பட்டைகளின் நடுவே உப்புநீர் நின்றுகொண்டேயிருக்கிறது.

துரு, தான் தின்ற இரும்பைவிட அதிக இடம் எடுத்துக்கொள்ளும். இடுக்கை அடைத்து, பட்டைகளை ஒன்றோடொன்று பிடித்துவைக்கும். பசை போட்ட நோட்டுப் புத்தகத்தை நோக்கிச் செட்டு நகர்கிறது. சின்னக் குழியில் அது அசைய மறுப்பதால் அடி நேராக சேஸிஸுக்கும் பெட்டிக்கும் போகிறது. கூடவே பட்டை மெலிகிறது. 8 மில்லிமீட்டர் பட்டை இருபுறமும் 0.4 மில்லிமீட்டர் அரித்து 7.2 ஆனால் இழந்தது பத்தில் ஒரு பங்குதான். மும்மடிக் கணக்கில் விறைப்பு 27 சதவீதம் போய்விடும். இது இரண்டாவது நோய். 'வலு போயிருச்சு' என்பது உண்மையாகும் ஒரே இடமும் இதுதான்.

மூன்றாவது நோய்தான் பட்டையை ஒடிப்பது. பாரம் ஏறும்போது கண்கள் கீழே அழுந்தி வளைவு நிமிர்கிறது. அப்போது ஒவ்வொரு பட்டையின் மேல்முகமும் இழுபடுகிறது, கீழ்முகம் நசுங்குகிறது. விரிசல் எப்போதும் இழுபடும் முகத்தில்தான் தொடங்கும். அதனால்தான் தயாரிப்பாளர்கள் மேல்முகத்தின்மீது சின்னச் சின்ன எஃகு உருண்டைகளை வேகமாக அடித்து, அந்தத் தோலை முன்கூட்டியே நெருக்கிவைக்கிறார்கள். இழுவை முதலில் அந்த நெருக்கத்தைக் கரைத்தால்தான் எஃகைத் தொட முடியும். ஆனால் மேல்முகம் எது என்று யோசியுங்கள். முதல் பட்டையைத் தவிர மற்ற எல்லாவற்றுக்கும் அது மறைந்திருக்கும் முகம். உப்புநீர் தேங்கும் முகம். அங்கே துரு குழி பறிக்கிறது, குழியின் அடியில் இழுவிசை குவிகிறது, விரிசல் பிறக்கிறது. நல்ல காற்றில், இழுவிசை ஓர் எல்லைக்குக் கீழே இருக்கும்வரை எஃகை எத்தனை கோடி முறை வளைத்தாலும் ஒடியாது. உப்புநீரில் நனைந்தபடி வளையும் எஃகுக்கு அப்படியொரு எல்லையே கிடையாது.

அந்த வாசகரின் மூன்று ஒடிவுக்கும் காரணம் இங்கே இருக்கிறது. பூசணிக்காய் உடைப்பது அவரவர் வீட்டு வழக்கம், அதில் தலையிட மாட்டேன். ஆனால் திருஷ்டி என்று முடிவுகட்டிவிட்டால் யாரும் வண்டிக்கு அடியில் குனிந்து பார்ப்பதில்லை. பாரம் ஏற்றிய வண்டி பாம்பன் பாலத்தின்மேல் போகும்போது கண் உள்ள மேல் பட்டையான மெயின் பட்டை ஒடிந்தால் ஆக்சிலே திரும்பிவிடும். பயப்பட வேண்டியது அதற்குத்தான்.

கூடுதலாக ஒரு பட்டை சொருகினால் என்ன ஆகும்? உயரம் திரும்பும், விரிசல் விட்ட பட்டைகள் உள்ளேயே இருக்கும். புதியதன் வளைவு மற்றவற்றோடு பொருந்தாவிட்டால் பாரத்தில் பெரும்பங்கை அதுவே சுமந்து முதலில் ஒடியும். இன்னொரு ஆபத்தும் உண்டு. பல பிக்கப்களில் பின் பிரேக்குக்குப் போகும் அழுத்தத்தை, பின்பக்கம் எவ்வளவு தாழ்ந்திருக்கிறது என்று பார்த்துத்தான் ஒரு வால்வு தீர்மானிக்கிறது. பட்டை சொருகி உயர்த்திய வண்டி, பாரம் ஏற்றியும் காலி வண்டி போல நிற்கும். வால்வு ஏமாந்து பின் பிரேக்கைக் குறைத்துவிடும். தடிமனான பட்டை போடுவதும் இப்படித்தான். 8-க்குப் பதில் 9 மில்லிமீட்டர் என்றால் ஒரே ஒரு மில்லிமீட்டர்தானே என்று தோன்றும், விறைப்பு 42 சதவீதம் ஏறிவிடும்.

பட்டறையில் சிவக்கக் காய்ச்சி வளைவு ஏற்றுவதும் வேண்டாம். பட்டை எஃகைக் காய்ச்சி எண்ணெயில் அமிழ்த்தி, பிறகு 450 டிகிரி அளவில் பதம் பார்த்து எடுக்கிறார்கள். நன்றாகச் சிவக்கும் சூடு 600 டிகிரிக்கு மேல். பதமும் போகும், நெருக்கிவைத்த தோலும் போகும். இரண்டு மாதத்தில் மறுபடி தொங்கும்.

வாங்கும்போது கையில் அளவு இருக்கட்டும். கண்ணுக்குக் கண் நீளம், சென்டர் போல்ட்டிலிருந்து (பட்டைகளை நடுவில் கோத்துப் பிடிக்கும் போல்ட்) முன் கண் எவ்வளவு, பின் கண் எவ்வளவு (பல செட்டுகளில் இரண்டும் சமமில்லை), அகலம், ஒவ்வொரு பட்டையின் தடிமன், எத்தனை பட்டை, அடியில் ஹெல்பர் (துணைப் பட்டை) உண்டா, புஷ் (கண்ணுக்குள் செருகும் உறை) துளையின் விட்டம். இவை உங்கள் மாடலின் கம்பெனி அளவோடு ஒத்துப்போக வேண்டும். கட்டின்மேல் மட்டும் பெயின்ட் அடித்ததை வாங்காமல், ஒவ்வொரு பட்டைக்கும் தனித்தனியாகப் பூச்சு கொடுத்ததைக் கேட்டு வாங்குங்கள். இரண்டு பக்கமும் சேர்த்தே மாற்றுங்கள்.

மாற்றும் வேலை மெக்கானிக்குகளுக்குத் தெரிந்ததுதான், நான்கு விஷயம் மட்டும் நின்று பாருங்கள். ஸ்டாண்டு சேஸிஸுக்கு அடியில் இருக்க வேண்டும், ஜாக்கி ஆக்சிலைத் தாங்க வேண்டும். பழைய யு போல்ட் ஒருமுறை இழுபட்டு நீண்டது, அதைத் திரும்பப் போடக் கூடாது. சென்டர் போல்ட்டின் தலை ஆக்சில் இருக்கையின் குழியில் சரியாக உட்கார வேண்டும். ரப்பர் புஷ் என்றால், வண்டி நான்கு சக்கரத்தில் இறங்கி நின்ற பிறகுதான் கண் போல்ட்டுகளைக் கடைசியாக இறுக்க வேண்டும், இல்லாவிட்டால் ரப்பர் எப்போதும் முறுக்கிக்கொண்டே நின்று கிழியும். அப்புறம் பாரத்தோடு சில நூறு கிலோமீட்டர் ஓடியதும் யு போல்ட்டை மறுபடி இறுக்குங்கள். மீன் தண்ணீருக்கு ஒரு குழாய் வைத்து சக்கரத்துக்குப் பின்னால் விழச் செய்யுங்கள், ஒவ்வொரு நடைக்குப் பிறகும் பட்டையை நல்ல தண்ணீரில் கழுவுங்கள்.

ஓர் ஆதங்கம். அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்து, காரைக்குடியில் மத்திய மின்வேதியியல் ஆய்வு நிறுவனம் எழுந்தது. 1953-இல் திறக்கப்பட்டது. நம் மண்டபத்துக் கடற்காற்றில் உலோகத் தகடுகளை மாதக்கணக்கில் நிறுத்திவைத்து அரிப்பை அளந்தவர்கள் அவர்கள். இப்படிப்பட்ட ஆய்வுக்கு இன்னும் தாராளமாகப் பணம் ஒதுக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். பாலத்துக்கும் கப்பலுக்கும் கிடைக்கும் கவனம் ஒரு மீன் வண்டியின் பட்டைக்கும் கிடைக்கட்டும். எந்தப் பூச்சு எத்தனை மாதம் தாங்கும் என்று ஒரே ஒரு பக்கம் தமிழில் அச்சிட்டு மெக்கானிக் கடைகளில் ஒட்டினால்கூடப் போதும்.

அந்த வாசகர் நேற்று படம் அனுப்பியிருந்தார். கழற்றிய செட்டில், வெளியிலிருந்து பார்த்தால் முழுசாகத் தெரிந்த நான்காவது பட்டை, சென்டர் போல்ட் துளைக்கு அருகே கையோடு இரண்டாக வந்திருக்கிறது. உடைந்த முகத்தில் மேல்பக்கமிருந்து பிறைநிலா போல ஒரு கறுத்த பகுதி. அது பல மாதங்களாக ஊர்ந்து வந்த பழைய விரிசல். மிச்சமிருந்த பகுதி மட்டும் வெள்ளி போல மின்னியது. விரலகலம்கூட இல்லை.