ஜூசர் சல்லடை ஏன் அடைத்துக்கொள்கிறது?

ஏற்காட்டுக் கமலா ஆரஞ்சோ உழவர் சந்தை கேரட்டோ, ஜூஸ் போட்ட கையோடு ஜூசரைக் கழுவினால் குழாய்த் தண்ணீரே போதும். அதையே சாயங்காலம் வரை சிங்கில் போட்டு வைத்தால் சல்லடையோடு மல்லுக்கட்ட வேண்டியதுதான். காரணம் பெக்டின். பழத்தின் செல்களை ஒன்றோடொன்று ஒட்டவைத்திருக்கிற பொருள் இது, ஜாம் கெட்டிப்படுவதும் இதனால்தான். ஈரமாக இருக்கும்வரை தண்ணீரோடு போய்விடும். காய்ந்தால் நாரையும் சர்க்கரையையும் சேர்த்துக்கொண்டு ஓட்டைக்குள் வார்னிஷ் மாதிரி இறுகிவிடும்.

சேலத்துக்காரர்களுக்கு இதில் இன்னொரு தலைவலி, போர் தண்ணீர். மேட்டூரிலிருந்து வரும் காவிரித் தண்ணீரில் கழுவுகிறவர்களுக்குப் பெரிய கவலையில்லை. ஆனால் மேக்னசைட் என்கிற மெக்னீசியத் தாதுவை வெட்டியெடுக்கிற ஊரில் நிலத்தடி நீரில் கால்சியமும் மெக்னீசியமும் இருப்பதில் என்ன ஆச்சரியம்? கால்சியம் அயனி பக்கத்துப் பக்கத்தில் இருக்கிற பெக்டின் சங்கிலிகளைப் பிடித்துக் கட்டிப்போடும், அதனால் பிசின் இன்னும் உறுதியாகும். தண்ணீர் காய்ந்த இடத்தில் கால்சியம் கார்பனேட் வேறு படியும். சல்லடையை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தால் ஓட்டையைச் சுற்றி வெள்ளையாக ஒரு வளையம் தெரிகிறதே, அதுதான்.

இந்த வெள்ளைக்கு ஆப்ப சோடா போட்டுத் தேய்ப்பதில் பிரயோஜனமில்லை, சோடா காரம், தேவைப்படுவது அமிலம். வெதுவெதுப்பான தண்ணீரும் வெள்ளை வினிகரும் சரிபாதி கலந்து இருபது நிமிஷம் ஊறவிடுங்கள்; கார்பனேட் கரைந்து கார்பன் டை ஆக்சைடு குமிழாக வெளியேறும். எலுமிச்சையின் சிட்ரிக் அமிலம் இன்னும் கெட்டி, கால்சியத்தைப் பிடித்து இழுத்தும் கொள்ளும். அப்புறம் பழைய டூத் பிரஷால் வெளிப்பக்கத்திலிருந்து உள்பக்கமாகத் தள்ளுங்கள். சுழலும்போது சாறு உள்ளிருந்து வெளியே பாய்கிறது, நாரும் அதே திசையில்தான் போய்ச் செருகிக்கொண்டிருக்கும்.

கேரட் போட்டால் பிளாஸ்டிக் மூடி மஞ்சளாகிவிடும். எவ்வளவு சோப்பு போட்டாலும் அது சுலபத்தில் போகாது, ஏனென்றால் அந்த நிறம் பீட்டா கரோட்டின், எண்ணெயில் கரைவது. கொஞ்சம் தேங்காய் எண்ணெய் தடவித் துடைத்துவிட்டுப் பிறகு சோப்பு போடுங்கள். பீட்ரூட் சிவப்பு நேர்மாறு, தண்ணீரில் கரையும், உடனே அலசினாலே போதும்.

ப்ளீச்சிங் பவுடர் மட்டும் கிட்டேயே வேண்டாம். எவர்சில்வர் துருப்பிடிக்காமல் இருப்பது அதிலுள்ள குரோமியம் மேலே ஒரு மெல்லிய ஆக்சைடு படலம் போடுவதால். குறைந்தது 10.5 சதவீதமாவது குரோமியம் இருக்க வேண்டும். சேலம் இரும்பாலைத் தகடாகவே இருந்தாலும் ப்ளீச்சில் இருக்கிற குளோரின் சேர்மங்கள் அந்தப் படலத்தைத் துளைத்து ஊசிக்குத்து போலப் புள்ளி விழவைக்கும்.

மோட்டாருக்கும் இதில் பங்கு உண்டு. சல்லடையில் ஒரு பக்கம் மட்டும் சக்கை சேர்ந்தால் எடை சமமில்லாமல் சுழலும். வேகம் இரண்டு மடங்கானால் அந்தப் பக்கவாட்டு விசை நான்கு மடங்காகும். ஜூசர் மேடையில் நடுங்கி நகர ஆரம்பித்தால், அடியில் கையைக் கொடுத்துப் பிடிக்காமல் சுவிட்சை அணைத்து, பிளக்கைப் பிடுங்கிவிட்டு, சல்லடையைக் கழற்றிச் சக்கையைத் தட்டிக் கொட்டுங்கள். பெரும்பாலும் பேரிங் கெட்டிருக்காது.