‘உம்’மும் ‘ஓ’வும்: நம் பேச்சுக்குள் ஓடும் அளவையியல்

“எல்லா வட்டைக்கும் தண்ணி வரல்ல.”

கிழக்கிலங்கையில் சம்மாந்துறைப் பக்கம் சிறுபோகக் காலத்தில் இப்படி ஒரு வசனம் காதில் விழுந்தால் கேட்டவர் என்ன செய்ய வேண்டும்? ஒரு வட்டைக்கும், அதாவது ஒரு வயல்வெளிக்கும், தண்ணீர் சேரவில்லை என்று விளங்கிக்கொண்டால், வாய்க்காலில் மேலே எங்கோ கோளாறு. தண்ணீர் விடுவதைக் கவனிக்கும் வட்டை விதானையாரைத் தேடிப் போக வேண்டியதுதான். சில வட்டைக்கு வந்தது, சிலதுக்கு வரவில்லை என்று விளங்கிக்கொண்டால், முதலில் தன் வயலைப் போய்ப் பார்க்க வேண்டும். வசனம் ஒன்றுதான், சொற்களும் அவற்றின் வரிசையும் அதேதான். பொருள் மட்டும் இரண்டு.

இங்கே எந்தச் சொல்லும் இரட்டைப் பொருள் கொண்டதல்ல. குழப்பம் வருவது கட்டமைப்பிலிருந்து. இந்தச் சின்ன வசனத்துக்குள் இரண்டு வேலை நடக்கிறது. வட்டைகளை ஒன்றுவிடாமல் எண்ணிக்கொண்டு போவது ஒன்று. அதைச் செய்வது ‘எல்லா’வும் ‘உம்’மும். மறுப்பது மற்றது, அதைச் செய்வது ‘வரல்ல’ என்பதன் கடைசியில் நிற்கும் ‘ல்ல’, அதாவது ‘இல்லை’. இவற்றில் எது முதலில்? ‘எல்லா வட்டைக்கும் வந்தது’ என்பதை முதலில் கட்டி, பிறகு அதை மொத்தமாக மறுத்தால், சிலதுக்கு மட்டும் வரவில்லை. ஒவ்வொரு வட்டையாக எடுத்து ‘இதுக்கும் வரல்ல, இதுக்கும் வரல்ல’ என்று மறுத்துக்கொண்டே போனால், ஒன்றுக்குமே வரவில்லை. மறுப்பின் எல்லை எதுவரை என்பதுதான் கேள்வி.

இதைத் தமிழ் இலக்கணக்காரர் எப்போதோ கண்டுவிட்டார்கள். ‘உம்’ என்ற இடைச்சொல்லுக்கு எட்டுப் பொருள் உண்டு என்று தொல்காப்பியம் சொல்கிறது. நன்னூலும் எட்டு என்றே சொல்கிறது. அவற்றில் ஒன்று முற்றும்மை: ‘எல்லாரும் வந்தார்’ என்பது போல, ஒன்றும் மிச்சம் வைக்காமல் முழுவதையும் தழுவுவது. இன்னொன்று எச்சவும்மை: ஏதோ மிச்சம் இருக்கிறது என்று காட்டுவது. சரி, இரண்டும் ஒன்றுக்கொன்று எதிரானவைதானே? ஆனால் 13ஆம் நூற்றாண்டின் நன்னூல் ஒரே வரியில் சொல்லிவிடுகிறது: ‘முற்றும்மை ஒரோவழி எச்சமும் ஆகும்.’ அதற்கு உரைகளில் வரும் உதாரணம் ‘எல்லாரும் வந்திலர்’. யாருமே வரவில்லை என்பதல்ல இதன் பொருள். சிலர் வந்தார்கள் என்று மிச்சம் நிற்கிறது. மறுப்பு வந்து சேர்ந்ததும் முழுமை உடைந்து மிச்சம் பிறக்கிறது. நம் வட்டை வசனத்தின் இரண்டு பொருளில் ஒன்று அப்படியே இதுதான்.

ஐரோப்பிய அளவையியலில் (தர்க்கவியலில்) இந்த விஷயத்துக்குச் சரியான குறியீடு கிடைத்தது 1879இல். ஜெர்மன் கணித அறிஞர் கொட்லோப் ஃபிரேகே அந்த ஆண்டு வெளியிட்ட சிறு நூலில், ‘எல்லாம்’ என்பதையும் மறுப்பையும் தனித்தனிச் செயலாக எழுதி, எதற்குள் எது அடங்குகிறது என்று கண்ணுக்குத் தெரியும்படி காட்டினார். அதன் பிறகுதான் இப்படியான வசனங்களைக் கணக்குப் போல நடத்த முடிந்தது. நம் இலக்கணக்காரர் அந்தக் கணக்கைச் செய்யவில்லை. அவர்கள் நிகழ்வைக் கண்டு பெயரிட்டார்கள். இரண்டும் வெவ்வேறு சாதனை. ஒன்றைத் தூக்கிப் பிடிக்க மற்றதைத் தாழ்த்த வேண்டியதில்லை.

பேச்சில் நாம் தடுமாறுவது குறைவு. ‘எல்லா’வை அழுத்திச் சொன்னால் சிலதுக்கு வந்தது என்று கேட்பவருக்குப் பட்டுவிடும். அல்லது வசனத்தையே மாற்றிவிடுவோம்: ‘ஒரு வட்டைக்கும் தண்ணி வரல்ல.’ இதில் சந்தேகத்துக்கு இடமே இல்லை.

இப்போது ‘உம்’மைக் கொஞ்சம் கிட்டப் பார்க்கலாம். ‘தம்பியும் தங்கச்சியும் வந்தாங்க’ என்பதில் அது இணைக்கிறது, இலக்கணத்தில் எண்ணும்மை. ‘எல்லாரும் வந்தாங்க’ என்பதில் முழுவதையும் தழுவுகிறது. இணைப்பதும் தழுவுவதும் வேறு வேறு வேலை போலத் தெரியும். ஆனால் வீட்டில் மூன்று பேர்தான் என்றால், ‘எல்லாரும் வந்தாங்க’ என்பதும் ‘அம்மாவும் தம்பியும் தங்கச்சியும் வந்தாங்க’ என்பதும் ஒரே செய்தி. ‘எல்லாம்’ என்பது நீண்டுகொண்டே போகும் இணைப்பு. அளவையியலும் இதையேதான் சொல்கிறது. தமிழில் அது ஒரே ஒட்டாக, எல்லார் வாயிலும் இருக்கிறது.

இதே உறவை மறுப்பிலும் பார்க்கலாம். ‘அவனும் வரல்ல, அவளும் வரல்ல’ என்பதும் ‘அவனாவது அவளாவது வந்தது இல்லை’ என்பதும் ஒரே நிலைமையைத்தான் சொல்கின்றன. இணைப்பை ஒவ்வொன்றாக மறுத்தாலும், ‘இதுவோ அதுவோ’ என்ற தெரிவை மொத்தமாக மறுத்தாலும் போய்ச் சேரும் இடம் ஒன்று. 19ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த அகஸ்டஸ் டி மோர்கன் பெயரில் வழங்கும் விதி இதுதான். எங்கள் மாவட்டங்களில் உயர்தரக் கலைப் பிரிவில் அளவையியலும் விஞ்ஞானமுறையும் எடுக்கும் பிள்ளைகள் பலர் இந்தக் குறியீடுகளைக் கண்டு பயப்படுகிறார்கள். எனக்கு அது உண்மையாகவே கவலை தருகிறது. குறியீட்டைக் கரும்பலகையில் எழுதும் முன் ‘ஆரும் வரல்ல’ என்ற வசனத்தை எழுதி, ஏன் அது தெளிவாக இருக்கிறது என்று கேட்டால் பாதிப் பாடம் முடிந்துவிடும்.

‘ஆரும்’ என்றேன். மட்டக்களப்புப் பேச்சு எழுத்துத் தமிழுக்கு மிகவும் அண்மையானது என்று செக் நாட்டு அறிஞர் கமில் சுவெலபில் எழுதியிருக்கிறார். ஆனாலும் ‘யார்’ இங்கே ‘ஆர்’, ‘ஆரு’ என்று ஒலிக்கும். சொல்லின் தலை மாறினாலும் வால் மாறவில்லை, நமக்கு வேண்டியதும் அந்த வால்தான்.

‘ஆர்’ என்பதைத் தனியே வைத்துப் பாருங்கள். அது யாரையும் குறிக்காது. விண்ணப்பப் படிவத்தில் பெயர் எழுத விட்டிருக்கும் கோடு போல, ஓர் ஆள் வர வேண்டிய வெற்றிடம் அது. அந்த இடத்தை என்ன செய்வது என்று சொல்வது பின்னால் ஒட்டும் எழுத்து. எதுவும் ஒட்டாமல் ‘ஆர் வந்த?’ என்றால், நிரப்பித் தா என்று எதிரில் இருப்பவரிடம் கொடுக்கிறோம். ‘ஆரும் வரல்ல’ என்றால், எந்தப் பெயரை அங்கே போட்டாலும் ‘வரல்ல’தான். ‘ஆரோ வந்திருக்காங்க’ என்றால், அந்த இடத்தில் ஒரு பெயர் நிச்சயம் உண்டு, ஆனால் அது எனக்குத் தெரியாது. ‘ஆராவது வாங்க’ என்றால், யார் பெயர் வந்தாலும் சரி, ஒன்று வந்தால் போதும்.

‘ஆரோ’வும் ‘ஆராவது’ம் பள்ளிக்கூட அளவையியலில் ஒன்றுதான்; இரண்டும் ‘குறைந்தது ஒருவர்’. ஆனால் இடம் மாற்றிப் பாருங்கள். வீட்டு வாசலில் தட்டும் சத்தம் கேட்டதும் ‘ஆராவது வந்திருக்காங்க’ என்று சொல்ல மாட்டோம். வயலில் அறுத்த கதிரை உப்பட்டி கட்ட ஆள் வேண்டும்போது ‘ஆரோ வாங்க’ என்று கூப்பிடவும் மாட்டோம். ஒன்றில் ஆள் ஏற்கெனவே இருக்கிறார், சொல்பவருக்குத்தான் அடையாளம் தெரியவில்லை. மற்றதில் ஆள் இன்னும் தீர்மானமாகவில்லை. சொல்பவரின் அறிவு எவ்வளவு என்பதையும் சேர்த்துச் சொல்லும் இந்த நுணுக்கத்துக்கு ஃபிரேகேயின் குறியீட்டில் இடமில்லை.

‘எங்கேயும்’, ‘எங்கேயோ’, ‘எங்கேயாவது’. ‘எப்பவும்’, ‘எப்பவோ’, ‘எப்பவாவது’ என்று இந்த வரிசை அப்படியே நீளும். ஒரே ஒரு ஒழுங்கீனம். மாரி மழையில் ‘எங்கேயும் வெள்ளம்’ என்று சொல்லலாம், ‘எப்பவும் மழை’ என்றும் சொல்லலாம். ஆனால் ‘ஆரும் வந்தாங்க’ என்று சொல்ல முடியாது. ‘ஆரும்’ என்பதற்கு ‘வரல்ல’ என்ற மறுப்போ ‘வரலாம்’ என்ற அனுமதியோ துணைக்கு வேண்டும். ஆளைப் பற்றிய வடிவம் ஏன் இப்படிப் பிடிவாதம் பிடிக்கிறது என்பது சுவையான கேள்வி.

‘உம்’முக்கு இன்னொரு முகம் உண்டு. ‘மச்சானும் வந்தார்’ என்று ஒருவர் சொன்னால், வேறு யாரோ வந்ததும் அதில் அடங்கியிருக்கிறது. அது சொல்லப்படவில்லை, ஆனால் எடுத்துக்கொள்ளப்பட்டிருக்கிறது. இதைச் சோதிக்க எளிய வழி இருக்கிறது: வசனத்தைக் கேள்வியாக்குங்கள். ‘மச்சானும் வந்தாரா?’ மச்சான் வந்தாரா என்பது இப்போது சந்தேகமாகிவிட்டது; வேறொருவர் வந்தார் என்பது மட்டும் அசையாமல் நிற்கிறது. மறுத்துப் பாருங்கள்: ‘மச்சானும் வரல்ல.’ இப்போது மறைந்திருக்கும் செய்தியும் சேர்ந்து மாறி, வேறு யாரோ வரவில்லை என்றாகிறது. இலக்கணக்காரர் எச்சவும்மை என்றது இதைத்தான்.

இதை நிபந்தனையோடு சேர்த்தால் அழகு இன்னும் கூடும். ‘மழை பெய்தால் வயலுக்குப் போவேன்’ என்பது ஒரு நிபந்தனை. அதில் ‘உம்’ ஒட்டினால் ‘மழை பெய்தாலும் போவேன்’. மழை இல்லாவிட்டால் போவேன் என்பது மறைந்து நிற்கும் மிச்சம். மழை பெய்தால் போவேன் என்பது வெளிப்படையாகச் சொன்னது. இரண்டும் சேர்ந்தால் எப்படியும் போவேன். அதே வடிவத்தில் வினாச் சொல்லை வைத்தால் ‘ஆர் வந்தாலும் கதவைத் திறக்காத’. வெற்றிடத்தில் எந்தப் பெயரைப் போட்டாலும் கட்டளை ஒன்றுதான். இவ்வளவையும் ஒரு ‘உம்’ தாங்குகிறது.

‘ஓ’ இதன் மறுபக்கம். ‘நாளைக்கோ மறுநாளோ வருவார்’ என்பதில் அது இரண்டு வழிகளை முன்னால் வைத்துவிட்டு, எதுவென்று முடிவு சொல்லாமல் நிற்கிறது. யாழ்ப்பாணத்தார் ‘வாறீரோ?’ என்று கேட்பதும் அதே ‘ஓ’. எங்கள் பக்கம் ‘வாறீங்களா?’ என்று ‘ஆ’ வரும். ஒரே எழுத்துக்குத் தெரிவும் தெரியாமையும் கேள்வியும் எப்படிப் பொருளாகின? கேள்வி என்பது சாத்தியமான விடைகளின் தொகுதி என்று ஆஸ்திரேலிய அறிஞர் சார்ல்ஸ் ஹாம்ப்ளின் 1973இல் எழுதிய கட்டுரையில் காட்டினார். ‘வாறீரோ?’ என்பது ‘வருகிறேன்’, ‘வரவில்லை’ என்ற இரண்டையும் முன்னால் வைக்கிறது. ‘ஆரோ’ என்பது ஊரில் உள்ள எல்லாரையும் முன்னால் வைக்கிறது. வழிகளைப் பரப்புவதுதான் ‘ஓ’வின் வேலை, அதன் பிறகு தெரிவா, தெரியாமையா, கேள்வியா என்பதை மிச்ச வசனம் பார்த்துக்கொள்ளும்.

அதே 1973இல் ஹான்ஸ் காம்ப் என்ற தத்துவ அறிஞர் இன்னொரு புதிரை எடுத்தார். கலியாணப் பந்தியில் ‘தயிரோ வாழைப்பழமோ எடுக்கலாம்’ என்கிறார்கள். கண்டிப்பான அளவையியலில் இதன் பொருள், இரண்டில் ஏதாவது ஒன்றுக்கு அனுமதி உண்டு என்பது மட்டும்தான். ஆனால் கேட்டவர் தயிரும் எடுக்கலாம், பழமும் எடுக்கலாம், தெரிவு தன்னுடையது என்றே விளங்கிக்கொள்வார். ‘அல்லது’ எப்படி இங்கே ‘உம்’ போல நடந்துகொள்கிறது என்பது பற்றி ஆய்வாளர்கள் இன்றுவரை வாதாடுகிறார்கள்.

அம்பாறை மாவட்டத்தில் சிங்களம் பக்கத்து மொழி. சந்தையில், பஸ்ஸில், கச்சேரியில் (அரச அலுவலகத்தில்) காது கொடுத்தால் இதே அமைப்பு அங்கேயும் கேட்கும். ‘அம்மத் தாத்தத் ஆவா’ என்றால் அம்மாவும் அப்பாவும் வந்தார்கள். ‘கவுருத் ஆவே நே’ என்றால் யாரும் வரவில்லை. இரண்டிலும் அதே ‘த்’. ‘ஹரி’ என்ற ஒட்டு ‘ஆவது’ போல: ‘அம்மா ஹரி தாத்தா ஹரி’ என்றால் அம்மாவாவது அப்பாவாவது, ‘கவுரு ஹரி’ என்றால் யாராவது. ‘தே த, கோப்பி த?’ என்பது நம் ‘தேத்தண்ணியா, கோப்பியா?’. தமிழ் திராவிடக் குடும்பம், சிங்களம் இந்தோ-ஆரியக் குடும்பம். நீண்ட காலம் பக்கத்தில் வாழ்ந்ததால் ஒத்துப்போயிருக்கலாம் என்றால், யப்பானிய மொழியை என்ன சொல்வது? அங்கேயும் ‘தரே’ என்றால் யார். மறுப்போடு ‘தரேமோ’ என்றால் யாரும். ‘தரேக்கா’ என்றால் யாரோ. அந்த ‘மோ’ இணைக்கவும் செய்யும். அந்த ‘க்கா’ கேள்வியும் ஆகும், ‘அல்லது’ம் ஆகும்.

இப்படித் தொடர்பில்லாத மொழிகள் ஒரே வழியில் போவதற்கு அன்னா சபோல்ச்சி என்ற மொழியியலாளர் 2015இல் ஒரு விளக்கம் தந்தார். இந்த ஒட்டுகள் தாமாக இணைப்பதும் இல்லை, எண்ணுவதும் இல்லை என்பது அவர் கருத்து. ‘மோ’ போன்ற ஒட்டு சொல்வது ஒன்றே ஒன்று: இதைப் போல இன்னொன்றும் உண்மை. இதை நம் ‘உம்’முக்குப் பொருத்திப் பார்த்தால், ‘மச்சானும் வந்தார்’ என்பதில் அந்த இன்னொன்று வெளியே இருக்கிறது. ‘தம்பியும் தங்கச்சியும்’ என்பதில் ஒன்றின் ‘உம்’ மற்றதைக் காட்டுகிறது, மற்றதன் ‘உம்’ இதைக் காட்டுகிறது. ‘எல்லாரும்’ என்பதில் ஒவ்வொருவரும் மிச்சமுள்ள அனைவரையும் காட்டுகிறார்கள்.

அப்படியானால் எட்டு உம்மையிலும் அடிப்படையானது எச்சவும்மை. தொல்காப்பியத்தின் பட்டியலும் ‘எச்சம்’ என்றுதான் தொடங்குகிறது. அந்த வரிசைக்கு இதுதான் காரணம் என்று நான் சொல்ல மாட்டேன், ஆனால் பட்டியலின் மற்ற உம்மைகளையும் இந்தக் கண்ணோடு வாசித்துப் பார்ப்பது பலன் தருகிறது. உரைகள் காட்டும் சிறப்பும்மை ‘குறவரும் மருளும் குன்று’: மலையிலேயே வாழும் குறவரே மயங்கும்போது மற்றவர்களும் மயங்குவார்கள் என்பது சொல்லாமல் நிற்கிறது. ஐயவும்மையும் அப்படியே. களுவாஞ்சிக்குடிச் சந்தியில் நிற்பவர் ‘பஸ் வந்தாலும் வரும்’ என்றால், வராமல் போகலாம் என்ற மற்ற வழியையும் அதே ‘உம்’தான் கூடவே சொல்கிறது.