டிராஸ்டுஸுமாப்: ஒரு புற்றுநோய் மருந்தின் பெயரைப் பிரித்துப் படித்தல்

மார்பகப் புற்றுநோய்க்கான மருந்துச் சீட்டில் 'டிராஸ்டுஸுமாப்' என்ற பெயரைப் பார்க்கும் குடும்பத்தினர் பெரும்பாலும் அதை வாசிக்கக்கூட முயல்வதில்லை. சீட்டை அப்படியே மருந்துக்கடையில் நீட்டிவிடுகிறார்கள். வீட்டுப் பேச்சில் அது 'மூன்று வாரத்துக்கு ஒருமுறை ஏற்றுகிற ஊசி' ஆகிவிடுகிறது. ஆனால் அது வாய்க்கு வந்தபடி வைத்த பெயர் அல்ல. மருந்து எந்த வகைப் பொருள், எந்த நோயைக் குறிவைத்து உருவானது, எப்படித் தயாரானது என்பதெல்லாம் அந்தச் சில அசைகளுக்குள் இருக்கின்றன. இதே பெயருக்குப் பின்னால் இன்னொரு சொல் சேர்ந்து வந்தால் அது வேறு மருந்து, அளவும் வேறு. அந்த இரண்டாம் சொல்லைக் கவனிக்காமல் விட்டால் உயிருக்கே ஆபத்து வரலாம். இதை எழுத உட்கார்ந்ததற்குக் காரணமே அந்த இரண்டாம் சொல்தான்.

ஒரு மருந்துக்கு வணிகப் பெயர்கள் பல இருக்கலாம், பொதுப்பெயர் ஒன்றுதான். டிராஸ்டுஸுமாப் முதலில் 'ஹெர்செப்டின்' என்ற வணிகப் பெயரில் வந்தது. அது நிறுவனத்தின் சொத்து. பொதுப்பெயரை உலக சுகாதார நிறுவனம் தீர்மானிக்கிறது. அதற்கான ஏற்பாடு 1950-ல் தொடங்கி, முதல் பெயர்ப் பட்டியல் 1953-ல் வெளியானது. எந்த நாட்டு மருத்துவரும் பிழையில்லாமல் எழுதவும் சொல்லவும் வேண்டும் என்பதற்காகச் சில விதிகளும் உண்டு. ஆங்கில எழுத்துகளில் எச், கே இரண்டையும் கூடுமானவரை தவிர்க்க வேண்டும். ஒய் வர வேண்டிய இடத்தில் ஐ எழுத வேண்டும். நோயின் பெயரையோ குணமாகும் என்ற நம்பிக்கையையோ நோயாளிக்கு நேரடியாகச் சொல்லும் பெயராகவும் இருக்கக் கூடாது. இந்தக் கடைசி விதி எனக்கு மிகவும் பிடித்தது. நோயாளியின் அச்சத்தையும் ஆசையையும் பெயரை வைத்தே தூண்டிவிடாமல் அது தடுக்கிறது.

இனி பெயரைப் பிரிக்கலாம். பள்ளியில் பகுபத உறுப்பிலக்கணம் படித்தவர்களுக்கு இது எளிது. டிராஸ் + டு + ஸு + மாப். முதலில் பகுதி, நடுவில் இரண்டு இடைநிலைகள், கடைசியில் விகுதி. பொருளை அறிய விகுதியிலிருந்து பின்னோக்கி வர வேண்டும்.

'மாப்' என்ற விகுதி, இது மோனோகுளோனல் ஆன்டிபாடி என்று சொல்கிறது. நம் உடல் கிருமிகளைப் பிடிக்க உருவாக்கும் எதிர்ப்பொருளைப் போன்ற ஒரு புரதம். ஒரே ஒரு செல்லின் வழிவந்த செல்கள் அனைத்தும் அச்சுமாறாமல் உற்பத்தி செய்வது. இந்த முறையை கேம்பிரிட்ஜில் ஜார்ஜ் கோலரும் சீசர் மில்ஸ்டைனும் 1975-ல் வெளியிட்டார்கள். 1984-ல் நோபல் பரிசு பெற்றார்கள். மாப் புரதம் என்பதால் மாத்திரையாக விழுங்க முடியாது, வயிற்றில் செரித்துவிடும். அதனால்தான் ஊசி. மாறாக, 'டினிப்' என்று முடியும் இமாடினிப், லபாடினிப் போன்றவை செல்லுக்குள் நுழையும் சிறு மூலக்கூறுகள். அவை மாத்திரையாகவே கிடைக்கின்றன.

அடுத்தது 'ஸு'. எலியின் எதிர்ப்பொருளை மனிதத் தன்மைக்கு மாற்றியது என்று பொருள். ஹெர்-2 என்ற புரதத்தைப் பிடிக்கும் எதிர்ப்பொருள் முதலில் எலியிலிருந்துதான் வந்தது. ஆய்வகத்தில் அதை 4டி5 என்று அழைத்தார்கள். எலிப் புரதத்தை மனிதருக்குத் திரும்பத் திரும்பச் செலுத்தினால் நம் உடல் அதையே அந்நியப் பொருளாகக் கருதி அழிக்கத் தொடங்கும். எனவே ஜெனென்டெக் நிறுவனத்தின் பால் கார்டரும் சக ஆய்வாளர்களும், ஹெர்-2-ஐப் பற்றும் நுனிப் பகுதியை மட்டும் எலியிடமிருந்து எடுத்து, மீதியை மனித எதிர்ப்பொருளின் சட்டகத்தில் பொருத்தினார்கள். இது 1992-ல் வெளியானது. 'ஸு' இருக்கும் இடத்தில் 'ஓ' இருந்தால் முழுக்க எலி (டோஸிடுமோமாப்), 'க்ஸி' இருந்தால் எலியும் மனிதரும் கலந்தது (ரிடுக்ஸிமாப்), வெறும் 'உ' இருந்தால் முழுக்க மனிதர் (பானிடுமுமாப்).

'டு' புற்றுக்கட்டியைக் குறிக்கிறது. இங்கேதான் பலர் தடுமாறுவார்கள், ஏனென்றால் எல்லாப் புற்றுநோய் மாப்களிலும் 'டு' இருக்காது. பெம்ப்ரோலிஸுமாப் புற்றுநோய் மருந்துதான். ஆனால் அது பற்றுவது நோயெதிர்ப்பு செல்லை. ஆகவே நடுவில் 'லி'. பெவாஸிஸுமாப் ரத்தக்குழாய் வளர்வதைத் தடுக்கிறது. அதில் ரத்த ஓட்டத்தைக் குறிக்கும் 'ஸி' வருகிறது. நடுவில் வரும் அசை, மருந்து எதன் மேல் வேலை செய்கிறது என்று மட்டுமே சொல்லும்.

மிஞ்சுவது 'டிராஸ்'. அதற்குப் பொருளே இல்லை. மற்றவை எல்லாம் காரணப்பெயர், இது இடுகுறி. ஒரே வகை மருந்துகளை ஒன்றிலிருந்து ஒன்று பிரித்துக்காட்டுவது மட்டுமே அதன் வேலை.

இந்த இலக்கணமும் மாறிக்கொண்டிருக்கிறது. எலியா மனிதரா என்று சொல்லும் அசையை 2017-ல் கைவிட்டார்கள். எத்தனை பங்கு மனிதத் தன்மை இருந்தால் 'ஸு', எவ்வளவு இருந்தால் 'உ' என்று கோடு கிழிப்பது கடினமாகிவிட்டது. அந்த ஓர் எழுத்தை வைத்து ஒரு மருந்து இன்னொன்றைவிடப் பாதுகாப்பானது என்று பேசும் போக்கும் வந்தது. பிறகு 2021-ல் 'மாப்' விகுதியையே நிறுத்தி, புதிய மருந்துகளுக்கு டக், பார்ட், மிக், மென்ட் என்று நான்காகப் பிரித்தார்கள். 'மிக்' என்று முடிந்தால் ஒன்றுக்கு மேற்பட்ட இலக்குகளைப் பற்றும் எதிர்ப்பொருள். பழைய பெயர்கள் அப்படியே தொடர்கின்றன, ஆகவே டிராஸ்டுஸுமாப் டிராஸ்டுஸுமாப்தான்.

பெயர் இவ்வளவு சொல்கிறது. எந்தப் புரதத்தை என்று அது சொல்லவில்லை. ஹெர்-2 எல்லோர் உடலிலும் உள்ள ஏற்பி. செல்லின் மேல் நின்று, தன் குடும்பத்தைச் சேர்ந்த மற்ற ஏற்பிகளோடு இணைந்து 'வளர், பிரி' என்ற சமிக்ஞையை உள்ளே அனுப்பும். சில மார்பகப் புற்றுநோய்களில் 17-வது குரோமோசோமில் இதன் மரபணு பல படிகளாகப் பெருகிவிடுகிறது. ஒரு செல்லின் மேல் ஏற்பிகளின் எண்ணிக்கை 20 லட்சம் வரை போகலாம். சமிக்ஞை ஓயாது; செல் பிரிந்துகொண்டே இருக்கும். கலிஃபோர்னியாவில் டெனிஸ் ஸ்லாமனும் அவரது குழுவினரும் 1987-ல் 189 மார்பகக் கட்டிகளை ஆராய்ந்து, இந்தப் பெருக்கம் உள்ளவர்களுக்கு நோய் விரைவில் திரும்புகிறது, ஆயுளும் குறைகிறது என்று காட்டினார்கள். இன்றைய கணக்கில் மார்பகப் புற்றுநோய்களில் 15 முதல் 20 சதவீதம் ஹெர்-2 பாசிட்டிவ்.

டிராஸ்டுஸுமாப் அந்த ஏற்பியின் வெளிப்பகுதியில் செல்சவ்வை ஒட்டிய இடத்தில் பற்றுகிறது. அதனால் உள்ளே போகும் சமிக்ஞை தணிகிறது. ஏற்பியின் தலை அறுந்து, மீதி தானாகவே இயங்கத் தொடங்குவதும் தடைபடுகிறது. மூன்றாவது வேலைக்கு நம் உடலே உதவுகிறது: எதிர்ப்பொருளின் வால்பகுதியை அடையாளம் கண்டு நோயெதிர்ப்பு செல்கள் வந்து அந்தப் புற்றுசெல்லைக் கொல்கின்றன. இதன் கூட்டாளியான பெர்டுஸுமாப் அதே ஏற்பியில் வேறோர் இடத்தைப் பற்றி, ஏற்பிகள் ஜோடி சேர்வதைத் தடுக்கிறது. இரண்டையும் சேர்த்துக் கொடுப்பதற்குக் காரணம் அதுதான்.

அமெரிக்க அரசு இந்த மருந்துக்கு 1998 செப்டம்பரில் அனுமதி கொடுத்தது. பரவிய நோயுள்ள 469 பெண்களிடம் நடந்த ஆய்வில், கீமோவோடு இதையும் பெற்றவர்களின் இடைநிலை ஆயுள் (பாதிப் பேராவது உயிரோடு இருந்த காலம்) 25.1 மாதம், கீமோ மட்டும் பெற்றவர்களுக்கு 20.3 மாதம். தொடக்க நிலை நோயில், அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு ஓராண்டு கொடுத்தபோது நோய் திரும்பும் வாய்ப்பு ஏறத்தாழ பாதியாகக் குறைந்தது. ஆனால் ஹெர்-2 இதயத் தசைக்கும் தேவைப்படும் புரதம். அதே ஆய்வில் ஆந்த்ராசைக்ளின் வகைக் கீமோவோடு சேர்த்துக் கொடுத்தவர்களில் 27 சதவீதம் பேருக்கு இதயப் பாதிப்பு காணப்பட்டது. இப்போது இரண்டையும் ஒரே நேரத்தில் கொடுப்பதைத் தவிர்க்கிறார்கள். மூன்று மாதத்துக்கு ஒருமுறை எக்கோ எடுக்கச் சொல்கிறார்கள். பாதிப்பு வந்தாலும் மருந்தை நிறுத்தினால் பெரும்பாலும் சரியாகிவிடும். 'புற்றுநோய்க்கு வந்த இடத்தில் இதயத்துக்கு எதற்கு ஸ்கேன்' என்று எண்ணி அந்தப் பரிசோதனையைத் தள்ளிப்போட வேண்டாம்.

இப்போது இரண்டாம் சொல். 'டிராஸ்டுஸுமாப் எம்டான்சின்', 'டிராஸ்டுஸுமாப் டெரக்ஸ்டெகான்' என்று இரண்டு மருந்துகள் இருக்கின்றன. இவற்றில் எதிர்ப்பொருளோடு கடுமையான கீமோ நஞ்சு ஒன்று வேதிப் பிணைப்பால் கட்டப்பட்டிருக்கிறது. எதிர்ப்பொருள் ஹெர்-2-ஐப் பற்றியதும் செல் அதை உள்ளே இழுத்துக்கொள்ளும். உள்ளே நஞ்சு விடுபடும். எம்டான்சினில் உள்ள 'டான்சின்', மேடான்சின் என்ற தாவரப் பொருளின் வழிவந்தது. எத்தியோப்பியப் புதர் ஒன்றில் கண்டெடுத்த அந்தப் பொருளைத் தனியாகக் கொடுத்துப் பார்த்தபோது நச்சுத்தன்மை தாங்க முடியாததாக இருந்ததால் கைவிட்டார்கள். எதிர்ப்பொருளோடு கட்டிய பிறகே பயன்பட்டது. டெரக்ஸ்டெகானில் உள்ள 'டெகான்' பெருங்குடல் புற்றுநோய்க்குக் கொடுக்கும் இரினோடெகானில் இருக்கும் அதே விகுதி. செல் தன் டி.என்.ஏ. முறுக்கை அவிழ்க்கப் பயன்படுத்தும் நொதியைத் தடுக்கும் குடும்பம் அது. அதன் மூதாதையான கேம்ப்டோதெசின் சீன மரம் ஒன்றிலிருந்து 1966-ல் அறியப்பட்டது. மேற்குத் தொடர்ச்சி மலையில் வளரும் நோதபோடைட்டிஸ் மரத்திலும் அது உண்டு.

டெரக்ஸ்டெகானில் ஓர் எதிர்ப்பொருளுக்கு சுமார் எட்டு நஞ்சு மூலக்கூறுகள். எம்டான்சினில் சராசரியாக மூன்றரை. டெரக்ஸ்டெகானிலிருந்து விடுபடும் நஞ்சு செல்சவ்வைக் கடந்து பக்கத்துச் செல்லையும் கொல்லும். அதனால்தான் ஹெர்-2 குறைவாக உள்ள கட்டிகளிலும் அது பலன் தருகிறது. முன்பெல்லாம் பயாப்ஸி அறிக்கையில் ஹெர்-2 அளவு 1+ (குறைவு) என்று வந்தால் 'நெகட்டிவ்' என்று மூடிவைத்துவிடுவார்கள். 2022-லிருந்து, நோய் பரவிய நிலையில் அந்த 1+ மருத்துவரிடம் கேட்க வேண்டிய விஷயமாகிவிட்டது. பழைய அறிக்கைகளைப் பத்திரமாக வைத்திருங்கள்.

ஆபத்து அளவில் இருக்கிறது. மூன்று வார முறையில் டிராஸ்டுஸுமாப் முதல் தவணைக்குப் பிறகு கிலோவுக்கு 6 மில்லிகிராம். எம்டான்சின் 3.6 மட்டுமே. மார்பகப் புற்றுநோயில் டெரக்ஸ்டெகான் 5.4. எனவே 60 கிலோ எடையுள்ள பெண்ணுக்கு முதலாவது 360 மில்லிகிராம், இரண்டாவது 216. பெயர்க் குழப்பத்தால் எம்டான்சினை டிராஸ்டுஸுமாப் அளவில் ஏற்றினால் ரத்தத் தட்டணுக்களும் கல்லீரலும் தாங்காது. இந்த அச்சத்தால்தான் அமெரிக்க அரசு 2013-ல் எம்டான்சினுக்கு அனுமதி கொடுத்தபோது பெயருக்கு முன்னால் 'அடோ' என்ற ஒட்டைச் சேர்த்தது. டெரக்ஸ்டெகானுக்கு 'ஃபாம்' என்ற ஒட்டு. இந்த ஒட்டுகள் அமெரிக்க ஏற்பாடு மட்டுமே; மற்ற இடங்களில் இரண்டாம் சொல் ஒன்றுதான் வேறுபடுத்துகிறது. பக்கவிளைவும் வேறு. டெரக்ஸ்டெகான் எடுப்பவருக்குப் புதிதாக வறட்டு இருமலோ மூச்சுத்திணறலோ வந்தால் அன்றே மருத்துவரிடம் சொல்ல வேண்டும், நுரையீரல் அழற்சியாக இருக்கலாம். சளிதான் என்று கஷாயம் குடித்துக்கொண்டு காத்திருக்கக் கூடாது.

இந்தியாவில் இன்னொரு கேள்வி அடிக்கடி எழும்: போன மாதம் ஒரு பெயர், இந்த மாதம் வேறு பெயர், மருந்து மாறிவிட்டதா? பெங்களூரின் பயோகான் 2014-ல் இங்கே முதல் டிராஸ்டுஸுமாப் பயோசிமிலரை, அதாவது மூல மருந்தை ஒத்த மருந்தை, கொண்டுவந்தது. இப்போது பல நிறுவனங்கள் தயாரிக்கின்றன. உயிருள்ள செல்களில் உருவாகும் புரதம் என்பதால் மூலத்தின் அச்சு நகல் என்று சொல்ல முடியாது. மருத்துவ ரீதியாக வேறுபாடு இல்லை என்று நிரூபித்த பிறகே அனுமதி கிடைக்கும். வணிகப் பெயர் மாறி, பொதுப்பெயர் முழுவதும் அதே என்றால் அஞ்ச வேண்டியதில்லை. உலக சுகாதார நிறுவனம் டிராஸ்டுஸுமாப்பை 2015-ல் அத்தியாவசிய மருந்துகள் பட்டியலில் சேர்த்தது. எந்த நாட்டுப் பெண்ணுக்கும் கிடைக்க வேண்டிய மருந்து இது என்பதற்கு அதைவிட என்ன சான்று வேண்டும்?

ஊசி ஏற்றும் நாளில் பாட்டிலின் மேல் எழுதியிருப்பதை நர்ஸிடம் கேட்டு வாசிக்கலாம், அதில் தயங்க ஒன்றுமில்லை. ஒரு சொல்லா, இரண்டு சொற்களா? சீட்டில் உள்ளதும் பாட்டிலில் உள்ளதும் ஒன்றா? நரம்பில் ஏற்றும் வகை பொடியாக வந்து கரைத்துக் கொடுக்கப்படுகிறது, அளவு எடையைப் பொறுத்தது. தோலுக்கு அடியில் போடும் வகை திரவமாகவே வருகிறது. ஹயலூரோனிடேஸ் என்ற நொதி கலந்தது, எடை எதுவானாலும் 600 மில்லிகிராம். தொடையில் சில நிமிடங்களில் போட்டுவிடலாம், ஆனால் நரம்பில் ஏற்றக் கூடாது.