இழந்த படமா, காணாமற்போன படமா?

"தி பேட்ரியாட் என்பது 1928 ஆம் ஆண்டு வெளியான ஒரு இழந்த அமெரிக்க அமைதி நாடகத் திரைப்படம் ஆகும்." ஆங்கிலத்திலிருந்து மொழிபெயர்த்த சினிமாக் குறிப்புகளில் இந்த வார்ப்பில் வரும் வாக்கியங்களைப் பார்த்துப் பார்த்துச் சலித்துவிட்டேன். படத்தின் பெயரும் ஆண்டும் மாறும், 'இழந்த' மட்டும் மாறாது.

ஆங்கிலத்தில் 'லாஸ்ட் ஃபிலிம்' என்பார்கள். அந்த 'லாஸ்ட்' பழைய ஆங்கிலத்தில் 'அழிந்துபோ' என்ற பொருளுள்ள ஒரு வினையிலிருந்து வந்தது. பிரதி எதுவும் இருப்பதாக இன்று எந்தக் காப்பகத்துக்கும் தெரியாத படம், அவ்வளவுதான் பொருள்.

தமிழில் 'இழ' செயப்படுபொருள் கேட்கும் வினை. ஒருவர் ஒன்றை இழப்பார். 'இழத்தொறூஉம் காதலிக்கும் சூதேபோல்' என்கிறது குறள். அங்கே இழக்கிறவன் சூதாடி, இழப்பது பொருள். பெற்றோரை இழந்த பிள்ளை, பார்வை இழந்த முதியவர் என்றெல்லாம் சொல்கிறோம். அந்தப் பழக்கத்தில் 'இழந்த படம்' என்று படித்தால், படம் எதை இழந்தது என்றுதான் மனம் தேடும். 'இழந்த செல்வம்', 'இழந்த வாய்ப்பு' உண்டே என்று கேட்பார்கள். உண்டு. ஆனால் அங்கே இழந்தவர் யார் என்பது பேச்சில் ஏற்கெனவே இருக்கும். 'நாம் இழந்த படங்கள்' என்று எழுதுங்கள், எனக்கு மறுப்பே இல்லை. இழந்தவரே இல்லாமல், ஆண்டுக்கும் நாட்டுக்கும் நடுவில் ஒட்டுச்சீட்டு மாதிரி 'ஒரு இழந்த அமெரிக்க' என்று ஒட்டுவதுதான் தமிழ் இல்லை.

இதற்கு மாற்றாகச் சிலர் 'அழிந்த படம்' என்கிறார்கள். இலக்கணம் சரி, செய்தி தவறு. அந்தக் காலப் படங்களைப் பதிவுசெய்த நைட்ரேட் சுருள் தீப்பற்றும், தானாகவே மட்கும். 1937இல் நியூ ஜெர்சியின் லிட்டில் ஃபெர்ரியில் ஃபாக்ஸ் நிறுவனத்தின் கிடங்கு எரிந்து ஏராளமான மௌனப்படங்கள் சாம்பலாயின. சுருளிலிருந்த வெள்ளிக்காகவும் படங்களைக் கரைத்தார்கள். எல்லாம் உண்மை. ஆனாலும் இல்லை என்று நினைத்தது திரும்பி வந்திருக்கிறது. பிரெஞ்சு வீராங்கனை ஜோன் ஆஃப் ஆர்க்கின் விசாரணையைப் பற்றி டென்மார்க் இயக்குநர் டிரையர் எடுத்த 1928ஆம் ஆண்டுப் படத்தின் மூல நெகட்டிவ் எரிந்துபோனது. அவர் முதலில் தொகுத்த வடிவம் இனிக் கிடைக்காது என்றே பல காலம் நம்பினார்கள். 1981இல் ஆஸ்லோவை ஒட்டிய ஒரு மனநல மருத்துவமனையில் அதன் பிரதி கிடைத்தது. 'அழிந்த படம்' என்று எழுதியிருந்தால் அன்று அந்தச் சொல் பொய்யாகியிருக்கும்.

'தொலைந்த படம்' இவற்றைவிடப் பரவாயில்லை, வாயில் இயல்பாக வரும். ஆனால் 'தொலைந்தது சனியன்' என்றும் நாம்தான் சொல்கிறோம். போனதே நல்லது என்ற நிழல் அந்தச் சொல்லில் விழுகிறது. பேச்சில் இருக்கட்டும், கலைச்சொல்லாக வேண்டாம்.

'காணாமற்போன படம்' என்பதே என் தேர்வு. ஆடு காணாமல் போய்விட்டது என்றால், அது எங்கோ மேய்கிறதா, யாராவது அறுத்துவிட்டார்களா என்று அந்தச் சொல் எதையும் முடிவுகட்டுவதில்லை. கண்ணில் படவில்லை என்பதோடு நிற்கிறது. காப்பகத்தில் இருப்பவருக்குத் தெரிந்ததும் அவ்வளவுதான். நீளமாக இருக்கிறதென்று 'காணாப்படம்' என்று சுருக்கினால், நான் இன்னும் பார்க்காத படம் என்று ஆகிவிடும். நீளம் இருந்துவிட்டுப் போகட்டும்.

அந்த வாக்கியத்தில் 'இழந்த' மட்டுமா பிழை? 'அமைதித் திரைப்படம்' என்றால் உலக அமைதியைப் பற்றியது என்று படிப்பவர் நினைக்கலாம். மௌனப்படம், ஊமைப்படம், பேசாப்படம் என்று மூன்று சொற்கள் கைவசம் இருக்கும்போது நான்காவது எதற்கு? 'நாடகத் திரைப்படம்' இன்னும் மோசம். நம் சினிமாவின் தொடக்க ஆண்டுகளில் மேடை நாடகங்களையே பாட்டோடும் வசனத்தோடும் படமாக்கினார்கள். நாடகப் படம் என்றால் நமக்கு அதுதான். ஆங்கிலத்தில் 'டிராமா' என்பது படத்தின் வகை. வகைக்கு நம்மிடம் புராணப் படம், சமூகப் படம், சரித்திரப் படம் என்று பெயர்கள் புழங்கின. ரஷ்யப் பேரரசர் முதலாம் பாலின் கடைசிக் காலத்தைச் சொல்லும் 'தி பேட்ரியாட்' தெளிவாகச் சரித்திரப் படம். மொழிபெயர்ப்பவர் கதையை இரண்டு வரி படித்திருந்தால் போதும், அகராதியே தேவைப்பட்டிருக்காது.

அப்புறம், சொல்லுக்குச் சொல் வைப்பதில் படத்தின் கதியே மறைந்துபோகிறது. எர்ன்ஸ்ட் லூபிட்ச் இயக்கி எமில் யானிங்ஸ் நடித்த படம் அது. திரைக்கதைக்காக ஹான்ஸ் கிராலி ஆஸ்கர் வாங்கினார். சிறந்த படத்துக்கான பரிந்துரைப் பட்டியலில் இடம்பெற்றவற்றில் முழுப் பிரதி கிடைக்காத ஒரே படம் இதுதான். முன்னோட்டமும் சில துண்டுகளும்தான் பிழைத்திருக்கின்றன. இத்தனையையும் ஒரு பெயரடைக்குள் திணிப்பதைவிட இரண்டு வாக்கியமாகவே எழுதிவிடலாம்: "'தி பேட்ரியாட்' 1928இல் வெளிவந்த அமெரிக்க மௌனப்படம், சரித்திரக் கதை. அதன் பிரதி காணாமற்போய்விட்டது."