மருந்து வைக்கும் முன் மூக்கைப் பாருங்கள்

போன மாதம் அல்சூரில் ஒரு வீட்டிலிருந்து காலை ஏழு மணிக்கே போன். "அண்ணா, கிச்சன்ல பெருச்சாளிக் குட்டி, சீக்கிரம் வாங்க, மருந்து வெச்சிடலாம்." போய்ப் பார்த்தால் சிலிண்டருக்குப் பின்னால் சுவரை ஒட்டிக் கீச்கீச்சென்று ஓடிக்கொண்டிருந்தது ஒரு மூஞ்சூறு. பெங்களூரில் பன்னிரண்டு வருடமாக எலி பிடிக்கும் வேலையில் இருக்கிறேன், இந்தக் குழப்பம் மட்டும் தீர்ந்தபாடில்லை.

மூஞ்சூறு எலி இனமே கிடையாது. நீண்ட கூர்மூக்கு, கடுகு போலக் கண், கிட்டே போனால் குப்பென்று ஒரு வாடை. எலிக்கு இருப்பதுபோல் வளர்ந்துகொண்டே இருக்கும் கொறிக்கும் பல் இதற்கு இல்லை. முக்கியமாகத் தேடுவது கரப்பானையும் பூச்சிகளையும்தான். கதவைத் திறந்து வைத்துவிட்டு ஒதுங்கி நின்றால் சுவரோரமாகவே போய்விடும். வெறுங்கையால் மட்டும் பிடிக்காதீர்கள், கடிக்கும். பூஜை அலமாரியில் பிள்ளையார் காலடியில் உட்கார்ந்திருந்ததும் இதேதான் என்று காட்டினேன், அக்கா சிரித்துவிட்டார்.

உண்மையான எலி என்றால் நான் முதலில் பார்ப்பது புழுக்கையை. அரிசியைவிடச் சின்னது என்றால் சுண்டெலி, அதற்கு 6 மில்லிமீட்டர் இடுக்கே தாராளம். அதைவிடப் பெரிதாக, பரணிலோ ஃபால்ஸ் சீலிங் மேலோ கிடந்தால் வீட்டெலி. வால் உடம்பைவிட நீளம், பைப்பைப் பிடித்து மாடிக்கு ஏறிவிடும். கன்னடக்காரர்கள் ஹெக்கண என்று சொல்லும் பெருச்சாளி அப்படியில்லை, அது மண்ணைத் தோண்டுகிற ஜாதி, வால் குட்டை, மடக்கினால் மயிரைச் சிலிர்த்துக்கொண்டு உறுமும். சாக்கடை ஓரத்திலோ கார் நிறுத்தும் இடத்திலோ புதுமண் குவிந்த வளை இருந்தால் பெரும்பாலும் அதுதான்.

சரி, மருந்து? கடையில் கேக் மாதிரி விற்கிற புரோமாடியோலோன் எலியை அங்கேயே கொல்லாது, சில நாள் கழித்துத்தான் உள்ளே ரத்தம் கசிந்து சாகும், அதற்குள் மந்தமாகத் திரியும் எலியைக் கூகையோ தெருப்பூனையோ பிடித்தால் விஷம் அதற்கும் போகும், இல்லையென்றால் சீலிங்குக்குள் செத்து ஒரு வாரம் நாறும். மஞ்சள் பாஸ்பரஸ் கலந்த பேஸ்டை வீட்டுப் பக்கமே சேர்க்காதீர்கள். குழந்தை வாயில் வைத்தால் கல்லீரலே போய்விடும், மாற்று மருந்தும் கிடையாது. பசை அட்டையை நான் விட்டு நாளாகிறது, எலியைவிட அதில் அணிலும் பல்லியும்தான் அதிகம் ஒட்டுகின்றன.

எலி வரும் ஓட்டையில் பாத்திரம் தேய்க்கும் ஸ்டீல் நாரை நன்றாகத் திணித்து மேலே சிமென்ட் பூசுங்கள், வெறும் சிமென்டை ஈரத்திலேயே தோண்டிவிடும். ராத்திரி குப்பைப் பையை கேட்டில் மாட்டி வைக்காதீர்கள். புழுக்கையை உலர்ந்தபடி பெருக்காமல், பிளீச்சிங் பவுடர் கரைத்த தண்ணீரைத் தெளித்து ஊறவிட்டு, கையுறை போட்டுத் துடையுங்கள். காலில் புண்ணோடு மழைத் தண்ணீரில் நடந்து, அப்புறம் காய்ச்சல் வந்தால் டாக்டரிடம் அதையும் சொல்லுங்கள். எலி மூத்திரம் கலந்த தண்ணீரால் எலிக்காய்ச்சல் வரும்.

அல்சூர் வீட்டில் பாத்ரூம் தண்ணீர் போகும் ஓட்டைக்கு சல்லடை மூடி போட்டுக்கொடுத்துவிட்டு வந்தேன். இருபது நாள் கழித்து அதே அக்கா போன் செய்தார், இப்போது கரப்பான் தொல்லையாம்.